எச்சரிக்கைக் குறி வந்துவிட்டது, எதை நீக்குவது?

போன இதழில் விக்கித்தரவைப் பற்றி எழுதியதற்கு வந்த கடிதங்களில் பெரும்பாலானவை ஒரே இடத்தில்தான் முட்டிக்கொண்டு நிற்கின்றன: பண்புக் கட்டுப்பாடுகள். புதிதாக வாசிப்பவர்களுக்கு இரண்டு வரி. விக்கித்தரவு என்பது விக்கிப்பீடியாவின் உடன்பிறப்பான, யாரும் திருத்தக்கூடிய திறந்த தரவுத்தளம். அதில் ஒவ்வொரு ஆளும் ஊரும் பொருளும் ஓர் உருப்படி. 'பிறந்த தேதி', 'தலைநகர்', 'பெற்றோர்' போன்றவை பண்புகள். ஒரு பண்புக்கு எந்த மாதிரி மதிப்பு வரலாம், எத்தனை வரலாம், கூடவே வேறென்ன இருக்க வேண்டும் என்று எழுதி வைப்பதுதான் கட்டுப்பாடு. அதை மீறினால் மதிப்புக்குப் பக்கத்தில் ஓர் ஆச்சரியக்குறி வரும். நூலகத்தில் அட்டவணைப் பிரிவில் இருந்துவிட்டு, இப்போது ஓர் ஆவணக் காப்பகத்தின் அறிவுத்தளத்தைப் பார்த்துக்கொள்கிறவள் என்பதால், இந்த ஆச்சரியக்குறிகளோடுதான் என் பொழுது போகிறது.

கேள்வி: எங்கள் அருங்காட்சியகத்து ஓவியங்களின் விவரங்களை விக்கித்தரவில் ஏற்றுகிறேன். சேமித்த பிறகு சில மதிப்புகளுக்குப் பக்கத்தில் ஆச்சரியக்குறி வருகிறது. தப்பு என்றால் சேமிக்கவே விடக்கூடாது அல்லவா? எங்கள் அலுவலக டேட்டாபேஸ் அப்படித்தான் மறுத்துவிடும்.
— அருங்காட்சியகப் பணியாளர்

உங்கள் அலுவலக டேட்டாபேஸை வடிவமைத்தவருக்கு அதில் என்னென்ன வரும் என்று முன்பே தெரியும். நாட் நல் (காலியாக இருக்கக்கூடாது), யுனீக் (திரும்ப வரக்கூடாது), செக் (நிபந்தனைக்குப் பொருந்த வேண்டும்), ஃபாரின் கீ (வேறு அட்டவணையில் இருப்பதாக இருக்க வேண்டும்) என்று நாலு பூட்டுப் போட்டார், வேலை முடிந்தது. (அதிலும் ஒரு வேடிக்கை உண்டு. மைஎஸ்கியூஎல் என்ற டேட்டாபேஸ் மென்பொருளின் 8.0.16 பதிப்பு 2019-இல் வரும்வரை, அதில் செக் என்று எழுதினால் வாங்கி வைத்துக்கொண்டு ஒன்றுமே செய்யாது. பூட்டு இருக்கிறது என்று நம்பிக்கொண்டிருந்தவர்கள் நிறையப் பேர்.)

விக்கித்தரவு 2012 அக்டோபரில் தொடங்கியது. இன்று அதில் பத்துக் கோடிக்கும் மேலான உருப்படிகள். யார் எப்போது எதை ஏற்றுவார்கள் என்று யாருக்கும் தெரியாது. உங்கள் துறையிலிருந்தே ஒரு உதாரணம் எடுப்போம். ஓவியர் ஃபிரிடா காலோவின் பக்கத்தில் 'துணைவர்: டியேகோ ரிவேரா' என்று எழுதுகிறீர்கள். துணைவர் என்பது இருபக்கமும் பொருந்த வேண்டிய பண்பு. அவர் பக்கத்தில் இவர் இருந்தால் இவர் பக்கத்தில் அவரும் இருக்க வேண்டும் என்பது கட்டுப்பாடு. இதைப் பூட்டாக வைத்தால் என்ன ஆகும்? காலோவிடம் எழுதப் போனால் "ரிவேரா பக்கத்தில் இல்லையே" என்று மறுக்கும். ரிவேராவிடம் போனால் "காலோ பக்கத்தில் இல்லையே" என்று மறுக்கும். கடைசிவரை யாருக்கும் கல்யாணம் ஆகாது.

அதே ஜோடி இன்னொரு பாடமும் சொல்கிறது. 1929-இல் மணந்தார்கள், 1939-இல் மணவிலக்கு, 1940-இல் மறுபடியும் திருமணம். ஆகவே ஒரே துணைவர் பெயர், தொடக்க ஆண்டு மட்டும் வேறாக, இரண்டு தடவை வருவது முழுக்கச் சரியான தரவு. "ஒரு மதிப்பு ஒரு முறைதான்" என்று பூட்டியிருந்தால் உண்மைதான் வெளியே நின்றிருக்கும்.

அதற்காக எதுவுமே தடுக்கப்படாது என்று நினைக்க வேண்டாம். பண்பின் தரவு வகை ஒரு நிஜமான தடுப்பு. தேதி கேட்கும் பண்பில் ஊர்ப் பெயரை உள்ளிட முடியாது, உருப்படி கேட்கும் இடத்தில் வெறும் எழுத்தை வைக்க முடியாது. அதற்கு மேலே உள்ளவைதான் அறிவிப்புகள். அவையும் மூன்று தரம்: கட்டாயம், சாதாரணம், பரிந்துரை. 'கட்டாயம்' என்பதுகூடச் சேமிப்பதைத் தடுக்காது. குறியை அழுத்தினால் எந்த விதி, எதனால் என்று சொல்லும். தயவுசெய்து அழுத்திப் பாருங்கள். எனக்கு வந்த கடிதங்களில் பாதி, குறியை அழுத்தாமலே எழுதியவை.

உங்கள் ஓவியங்களில் குறி வர என்ன காரணம் என்று நீங்கள் சொல்லவில்லை. என் ஊகம், மதிப்பின் வகை. செய்பொருள் (எதனால் ஆனது) என்ற இடத்தில் 'வெள்ளி' என்று தட்டினால் உலோகமும் வரும், கோளும் வரும், கிழமையும் வரும். அவசரத்தில் முதலில் வந்ததை அழுத்திவிடுவோம். வெள்ளிச் சட்டகம் வெள்ளிக் கோளால் ஆனதாகிவிடும். இதைப் பிடிக்கத்தான் அந்தக் கட்டுப்பாடு.

கேள்வி: ஐசக் நியூட்டன் பிறந்தது 1642 டிசம்பர் 25 என்று ஒரு நூலில், 1643 ஜனவரி 4 என்று இன்னொரு நூலில். இரண்டையும் போட்டால் 'ஒற்றை மதிப்பு' எச்சரிக்கை வரும். எதை நீக்கினால் குறி போகும்?
— கல்லூரி மாணவி

குறி போக வேண்டும் என்று தொடங்காதீர்கள். குறியை விரட்டுவதற்காகச் சரியான தரவை அழிப்பது, மூட்டைப்பூச்சிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்தும் கதை. குறி வந்தால் மூன்றில் ஒன்றுதான்: தரவு தப்பு, விதி தப்பு, அல்லது இரண்டும் சரி, உலகம்தான் கொஞ்சம் கோணல். எது என்று தெரிந்த பிறகு கை வையுங்கள்.

நியூட்டன் விஷயத்தில் இரண்டு நூலும் ஒரே நாளைத்தான் சொல்கின்றன. அவர் பிறந்தபோது இங்கிலாந்து பழைய ஜூலியன் நாட்காட்டியில் இருந்தது. 1752-இல்தான் இன்று நாம் பயன்படுத்தும் கிரிகோரியனுக்கு மாறியது. பதினேழாம் நூற்றாண்டில் இரண்டுக்கும் 10 நாள் இடைவெளி. டிசம்பர் 25-ஓடு பத்தைக் கூட்டுங்கள், ஜனவரி 4 வந்துவிடும். விக்கித்தரவில் தேதி மதிப்போடு எந்த நாட்காட்டி என்பதும் சேர்ந்தே பதிவாகும். ஆகவே ஒரு மதிப்பு போதும், நாட்காட்டியைச் சரியாகத் தேர்ந்தெடுத்தால். ஜூலியன் தேதியைக் கிரிகோரியன் என்று குறித்துவிட்டால் எந்தக் கட்டுப்பாடும் கூவாது, ஆனால் பத்து நாள் தப்பு உள்ளே உட்கார்ந்திருக்கும்.

அவர் இறந்த தேதி இதைவிட வில்லங்கம். இன்றைய கணக்கில் 1727 மார்ச் 31. பழைய கணக்கில் மார்ச் 20. பதினெட்டாம் நூற்றாண்டில் இடைவெளி 11 நாளாகிவிட்டது. அது மட்டும் என்றால் பரவாயில்லை. அன்றைய இங்கிலாந்தில் புத்தாண்டு மார்ச் 25-இல் தொடங்கியது. அதனால் அக்கால ஆவணங்களில் அந்த மார்ச் 20-க்கு 1726 என்றே ஆண்டு இருக்கும். ஒருவர் 1726 என்றும் இன்னொருவர் 1727 என்றும் ஏற்றி, கட்டுப்பாடு கூவினால், அது நல்ல கூவல்.

நூல்கள் நிஜமாகவே வேறு வேறு நாளைச் சொன்னால்? இரண்டையும் வையுங்கள், ஒவ்வொன்றுக்கும் சான்றோடு. நம்பத்தகுந்ததை 'முன்னுரிமை' தரத்துக்கு உயர்த்துங்கள். தப்பு என்று நிரூபணமானதை அழிக்காமல் 'கைவிடப்பட்டது' என்று தரம் இறக்குங்கள். அழித்தால் அடுத்த மாதம் வேறு யாராவது அதே பழைய நூலைப் பார்த்து அதே தப்பைத் திரும்ப ஏற்றுவார். இறக்கி வைத்தால் "இது ஏற்கெனவே பார்த்தாயிற்று" என்று அங்கேயே எழுதி வைத்த மாதிரி.

கேள்வி: எங்கள் நிறுவனத்துக்கென்று, விக்கித்தரவை இயக்கும் மென்பொருளான விக்கிபேஸில் ஓர் அறிவுத்தளம் தொடங்குகிறோம். கட்டுப்பாடு வகைகளின் பட்டியல் நீளமாக இருக்கிறது. எதை முதலில் போடுவது?
— ஆவணக் காப்பாளர்

என் சக தொழிலாளியே, முதலில் எதையும் போடாதீர்கள். இருக்கும் தரவை ஒரு வினவலில் இழுத்து, உண்மையில் எப்படி இருக்கிறது என்று பாருங்கள். எந்தப் பண்புக்கு எத்தனை மதிப்பு, என்ன வடிவம், எவை காலி. அறையில் உட்கார்ந்து யோசித்து எழுதிய விதிகள் அடுத்த நாளே ஆயிரம் குறிகளைக் கொட்டும். ஆயிரம் குறி இருந்தால் ஒருவரும் ஒன்றையும் பார்க்க மாட்டார்கள்.

அப்புறம் அடையாள எண்களிலிருந்து தொடங்குங்கள். அங்கேதான் குறைந்த சச்சரவில் நிறையப் பிடிபடும். வடிவக் கட்டுப்பாடு ஒரு ரெகுலர் எக்ஸ்பிரஷன்தான், அதாவது எழுத்துகள் எந்த வரிசையில் வரலாம் என்று சொல்லும் ஒரு குறிமுறை. ஆய்வாளர்களுக்குக் கொடுக்கும் ஓர்க்கிட் எண் என்றால் நான்கு நான்காக நான்கு தொகுதி, கடைசி எழுத்து மட்டும் எக்ஸ் ஆக இருக்கலாம். யாராவது முழு இணைய முகவரியை ஒட்டினால் உடனே தெரிந்துவிடும்.

ஆனால் வடிவம் சரி என்பதால் எண் சரி என்று ஆகாது. பக்கத்துப் பக்கத்து இலக்கங்கள் இடம் மாறினால் ரெகுலர் எக்ஸ்பிரஷனுக்குத் தெரியாது. அதைச் சரிபார்ப்பு இலக்கம்தான், அதாவது மற்ற இலக்கங்களிலிருந்து கணக்கிட்டுக் கடைசியில் சேர்க்கும் இலக்கம்தான், பிடிக்க வேண்டும். அதிலும் எல்லாம் ஒன்றல்ல. புத்தகங்களுக்கான 13 இலக்க ஐஎஸ்பிஎன்னில் இலக்கங்களை மாற்றி மாற்றி 1, 3 என்று பெருக்கிக் கூட்டுகிறார்கள், மொத்தம் பத்தால் வகுபட வேண்டும். பக்கத்தில் உள்ள இரண்டு இலக்கங்களுக்கு வித்தியாசம் சரியாக 5 என்றால், உதாரணத்துக்கு 16 என்பது 61 ஆகிவிட்டால், கூட்டுத்தொகை சரியாகப் பத்து மாறும். கணக்கு அப்படியே ஒத்துப்போகும், தப்பு நழுவிவிடும். பழைய 10 இலக்க ஐஎஸ்பிஎன் பதினொன்றால் வகுத்ததால் இந்த ஓட்டை கிடையாது. சரிபார்ப்பு இலக்கத்துக்குத் தனியாக ஒரு ஸ்கிரிப்ட் ஓட்டுங்கள். அதுவும் தவறவிடுவதில் சிலவற்றைப் பிடிக்க அடுத்தது இருக்கிறது.

அடுத்தது, தனித்த மதிப்புக் கட்டுப்பாடு. ஒரே அடையாள எண் இரண்டு உருப்படிகளில் வரக்கூடாது. என்னைக் கேட்டால் எல்லாக் கட்டுப்பாடுகளிலும் இதற்குத்தான் சம்பளம் அதிகம் கொடுக்க வேண்டும். ஒரே ஆளுக்கு இயற்பெயரில் ஓர் உருப்படி, புனைபெயரில் ஓர் உருப்படி என்று இருப்பதை இதுதான் காட்டிக்கொடுக்கும். இணைப்பதற்கு முன் ஒரு தடவை மூலத்தையும் பாருங்கள். சில நேரம் இரண்டு பேரும் நிஜமாகவே வேறு ஆட்கள், எண் கொடுத்த பட்டியல்தான் அவர்களைக் குழப்பிவிட்டிருக்கும்.

மூன்றாவது, வகைக் கட்டுப்பாடு. 'பிறந்த இடம்' என்றால் மதிப்பு ஓர் இடமாக இருக்க வேண்டும். இது நன்றாக வேலை செய்ய, உங்கள் வகை மரம் ஒழுங்காக இருக்க வேண்டும். மருத்துவமனை என்பது கட்டடத்தின் துணைவகை, கட்டடம் இடத்தின் துணைவகை என்று மேலே ஏறிக்கொண்டே போய்த்தான் சோதனை நடக்கும். எங்கள் காப்பகத்தில் ஒரு காலையில் வந்து பார்த்தால் கடிதங்கள், வரைபடங்கள் என்று எங்கு பார்த்தாலும் குறி. தரவில் யாரும் கை வைக்கவில்லை. நல்லெண்ணத்தில் ஒருவர் மேல்மட்டத்தில் ஒரே ஒரு 'துணைவகை' இணைப்பை எடுத்திருந்தார். ஊர்கள் எல்லாம் ராத்திரியோடு ராத்திரியாக இடம் என்ற தகுதியை இழந்திருந்தன. அந்த ஒரு இணைப்பைத் திருப்பி வைத்ததும் அடங்கியது. ஆக, ஒரே வகைக் குறி திடீரென்று கூட்டமாக வந்தால் கீழே தேடாதீர்கள், மரத்தின் வரலாற்றைத் திறந்து பாருங்கள்.

எந்த விதியையும் பரிந்துரையாகத் தொடங்கி, மீறல்கள் தீர்ந்து புதிதாக வராத நிலை வந்ததும் கட்டாயமாக்குங்கள். தலைகீழாகச் செய்தால் உங்கள் ஆட்கள் 'கட்டாயம்' என்ற குறியையே கவனிக்காமல் பழகிவிடுவார்கள்.

கேள்வி: "இறந்த தேதி இருந்தால் பிறந்த தேதியும் இருக்க வேண்டும்" என்று விதி வைத்தேன். மீறல்கள் மளமளவென்று குறைந்தன. மகிழ்ச்சியாக இருக்கலாமா?
— பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

ஜனவரி 1-இல் பிறந்தவர்கள் எத்தனை பேர் என்று ஒரு வினவல் ஓட்டிவிட்டு மகிழ்ச்சியாக இருங்கள்.

ஆண்டு மட்டும் தெரிந்த இடத்தில் ஜனவரி 1 என்று நிரப்புவது எல்லா டேட்டாபேஸ்களிலும் உள்ள பழைய வியாதி. விக்கிபேஸில் அதற்கு அவசியமே இல்லை. தேதியோடு துல்லியமும் ஓர் எண்ணாகப் பதிவாகிறது: நாள் வரை தெரிந்தால் 11, மாதம் வரை என்றால் 10, ஆண்டு மட்டும் என்றால் 9. ஒன்பது என்று இருக்கட்டும், குறைச்சல் இல்லை. ஆண்டே தெரியாது, ஆனால் பிறந்திருப்பார் என்பது நிச்சயம் என்றால் 'மதிப்பு தெரியவில்லை' என்றே பதியலாம், அதற்குத் தனி வசதி இருக்கிறது. ஷேக்ஸ்பியருக்கு ஞானஸ்நானம் நடந்த தேதிதான் பதிவில் கிடைக்கிறது, 1564 ஏப்ரல் 26. பிறந்த நாள் ஏப்ரல் 23 என்பது வழக்கமாகச் சொல்லிக்கொள்வது. பிறந்த தேதியில் 1564 ஏப்ரல் என்று மாதத் துல்லியத்தோடு நிறுத்திவிட்டு, ஞானஸ்நானத் தேதியை அதற்குரிய பண்பில் வைப்பதுதான் நேர்மை.

'கூடவே இது வேண்டும்' என்கிற விதிகளை நான் எப்போதும் பரிந்துரை தரத்துக்கு மேல் ஏற்றுவதில்லை. ஆட்களை வற்புறுத்தினால் காலி இடம் நிரம்பும், எதைக்கொண்டு நிரம்பும் என்பதுதான் கேள்வி.

கேள்வி: தலைநகர் ஒன்றுதான் இருக்க வேண்டும் என்ற விதிக்குத் தென்னாப்பிரிக்கா சிக்கலாகிறது. விதிவிலக்குப் பட்டியலில் போட்டுவிடலாமா?
— புவியியல் ஆசிரியர்

போடலாம். ஒவ்வொரு கட்டுப்பாட்டுக்கும் விதிவிலக்கான உருப்படிகளைக் குறிப்பிட இடம் உண்டு. ஆனால் அதற்கு முன் வேறு வழி இருக்கிறதா என்று பாருங்கள். பிரிட்டோரியா நிர்வாகத்துக்கு, கேப்டவுன் சட்டமன்றத்துக்கு, புளூம்ஃபொன்டெய்ன் நீதித்துறைக்கு. மூன்றும் மூன்று பொறுப்பு. ஒவ்வொரு மதிப்போடும் பொறுப்பைத் துணைக்குறிப்பாகச் சேர்த்து, "இந்தத் துணைக்குறிப்பு வேறுபட்டால் பல மதிப்புகள் இருக்கலாம்" என்று கட்டுப்பாட்டிலேயே சொல்ல முடியும். பிரிப்பான் என்று அதற்குத் தனிப் பண்பே இருக்கிறது. தொடக்க ஆண்டைப் பிரிப்பானாக வைத்தால், 1960-இல் ரியோவிலிருந்து பிரசிலியாவுக்குத் தலைநகரை மாற்றிய பிரேசிலும் பட்டியலுக்குப் போகாமலே தப்பித்துவிடும்.

விதிவிலக்குப் பட்டியல் நிஜமான ஒற்றைக் கோணல்களுக்கு மட்டும். அது நீண்டுகொண்டே போனால் விதியைத்தான் திருத்த வேண்டும். இன்னொன்று, விதியின் எல்லையை எதற்காக வைக்கிறோம் என்பது மறந்துவிடுகிறது. பிறப்புக்கும் இறப்புக்கும் இடையே அதிகபட்சம் 120 ஆண்டு என்று ஒருவர் வைத்திருந்தார். பிரான்சைச் சேர்ந்த ழான் கல்மோ 1875-இல் பிறந்து 1997-இல் 122 வயதில் இறந்தவர். அவருக்குக் குறி, அவருக்கு ஒரு விதிவிலக்கு, அதற்கு ஒரு விவாதம். அந்த விதி யாருடைய ஆயுளையும் அளக்க வந்ததல்ல, 1875 என்பதை 1785 என்று தட்டிய விரலைப் பிடிக்க வந்தது. 130 என்று வைத்தாலும் அந்த விரல் மாட்டும், கல்மோவும் நிம்மதியாக இருப்பார்.

கேள்வி: அறிவுத்தளங்களை விவரிக்கும் ஆவ்ல் (OWL) மொழி படித்திருக்கிறேன். ஒரு பண்பை 'ஃபங்ஷனல்' (ஒன்றுக்கு ஒரே மதிப்பு) என்று அறிவிப்பதும் ஒற்றை மதிப்புக் கட்டுப்பாடும் ஒன்றுதானே?
— மென்பொருள் பொறியாளர்

இல்லை. ஆவ்லில் 'தாய்' என்பதை ஃபங்ஷனல் என்று சொல்லிவிட்டு ஒருவருக்கு இரண்டு தாய்களைக் கொடுத்தால், அது பிழை என்று சொல்லாது. "அப்படியென்றால் அந்த இரண்டு பேரும் ஒரே ஆள்தான்" என்று முடிவு கட்டிவிடும், அவர்கள் வேறு வேறு என்று நீங்கள் வெளிப்படையாகச் சொல்லியிருந்தால் ஒழிய. அது முடிவுகளை வருவிக்கும் மொழி, தணிக்கை செய்யும் மொழி அல்ல. தணிக்கைக்கு ஷேக்கல் (SHACL) என்ற மொழி இருக்கிறது, 2017-இல் இணையத் தரநிலை அமைப்பான டபிள்யூ3சியின் பரிந்துரையாக வந்தது. ஷெக்ஸ் (ShEx) என்று இன்னொன்றும் உண்டு. விக்கித்தரவில் 2019 முதல் உருப்படித் திட்டங்கள் அதில்தான் எழுதப்படுகின்றன. பண்புக் கட்டுப்பாடு ஒரு பண்பிலிருந்து பார்க்கும். திட்டம் ஒரு நாவலுக்கு, ஓர் ஆற்றுக்கு என்று உருப்படியை முழுதாகப் பார்க்கும். இரண்டும் ஒன்றுக்கு ஒன்று மாற்று இல்லை.

கேள்வி: தந்தை பக்கத்தில் 'பிள்ளை' இல்லை என்று குறி காட்டத் தெரிகிற இயந்திரத்துக்கு, அதைத் தானே எழுதிவிடத் தெரியாதா?
— இல்லத்தரசி ஒருவர்

தெரியும், சில பண்புகளுக்கு 'பாட்' எனப்படும் தானியங்கி நிரல்கள் அதைச் செய்யவும் செய்கின்றன. ஆனால் மகன் பக்கத்தில் பெயர் ஒத்த வேறொருவரைத் தந்தையாக யாரோ போட்டிருந்தால், இயந்திரம் அந்தத் தப்பை அடுத்த பக்கத்துக்கும் நகலெடுக்கும். அப்புறம் இரண்டு பக்கமும் ஒன்றையொன்று ஆமோதிக்கும், குறியும் போய்விடும். கண்டுபிடிக்க ஒரு துப்பும் மிஞ்சாது. எதிர்ப்பக்கம் காலியாக இருப்பது, யாராவது ஒருவர் சான்றைத் திறந்து பார்க்க ஒரு சாக்கு.

கேள்வி: மீறல் அறிக்கைகளைத் திறந்தால் தலை சுற்றுகிறது. எங்கிருந்து ஆரம்பிப்பது?
— புதிய பங்களிப்பாளர்

உங்களுக்கு நன்றாகத் தெரிந்த துறையில் ஒரே ஒரு பண்பை எடுங்கள். அதன் பக்கத்தில் 'பண்புக் கட்டுப்பாடு' என்ற பண்பின் கீழ், பி2302 என்று எண், விதிகள் எல்லாம் கூற்றுகளாகவே (பண்பும் மதிப்பும் சேர்ந்த பதிவுகளாகவே) எழுதப்பட்டிருக்கும். முதலில் அவற்றைப் படியுங்கள். பிறகு பாட் தயாரிக்கும் மீறல் பட்டியலுக்குப் போய், வடிவ மீறல்களை முடியுங்கள். அவை சுலபம், விவாதம் வராது. வகை மீறல்களைத் தனித்தனியாகத் திருத்தாதீர்கள், ஒரே காரணத்தால் வந்தவற்றைக் குவியலாகப் பிரித்து வைத்துக்கொள்ளுங்கள். தனித்த மதிப்பு மீறல்களில் இரண்டு உருப்படிகளையும் அருகருகே திறந்து, சான்றுகளைப் படித்த பிறகுதான் இணைக்க வேண்டும். இணைப்பதற்கு ஒரு சொடுக்கு போதும். இணைத்த பிறகு அதன்மேல் பத்துப் பேர் எழுதிவிட்டால், பிரிப்பதற்கு ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுக்கப் போகும்.